இறங்காத பசளைக்குக் கொடுத்த காசு

2022 ஜனவரி முற்பகுதியில் மக்கள் வங்கி சீனாவிலுள்ள சிங்டாவோ சீவின் பயோடெக் என்ற கம்பனிக்கு 69 இலட்சம் அமெரிக்க டொலர் கொடுத்தது. சேதனப் பசளைக்கான காசு அது. அந்தப் பசளையில் ஒரு மூட்டைகூட இலங்கையில் இறங்கவில்லை. கப்பல் வந்தது, வெளியில் நின்றது, திரும்பிப் போனது. காசு மட்டும் போய்ச் சேர்ந்தது.

அந்த நேரம் எங்களில் சிலர் உயர்தரம், சிலர் பல்கலைக்கழகம். தேநீர்க் கடையிலும் பேஸ்புக்கிலும் ஓடின விளக்கம் ஒன்றுதான்: "சீனாவுக்குப் பயந்து குடுத்திட்டினம்." இதில் பொய் இல்லை. ஆனால் பாதிக் கதைதான். மற்றப் பாதி லண்டன் நீதிமன்றங்களிலும் நியூயோர்க் வங்கிகளிலும் நடந்த பழைய வழக்குகளில் கிடக்கிறது. சாமான் சரியில்லை என்றால் காசு கொடுக்கத் தேவையில்லை என்பது எங்கள் எல்லாருக்கும் இயல்பாக விளங்குகிற நியாயம். சந்தையில் அழுகின தக்காளியைத் திருப்பிக் கொடுக்கிற அதே நியாயம். கப்பல் வணிகத்தில் அது ஏன் அப்படி வேலை செய்வதில்லை என்பதைத்தான் இங்கே கதைக்கப் போகிறோம்.

முதலில் நடந்ததை ஒழுங்காகச் சொல்லிவிடுவோம். 2021 ஏப்ரலில் கோட்டாபய ராஜபக்ச அரசாங்கம் இரசாயனப் பசளை இறக்குமதியை நிறுத்துவதாக முடிவெடுத்தது. மே 6ஆம் திகதி வர்த்தமானி வந்தது. பெரும்போகம் தொடங்க ஐந்து மாதம்தான் இருந்தது. ஒரு நாட்டின் வயல் முழுவதற்கும் போடுகிற அளவு சேதனப் பசளை உள்ளூரில் இல்லை. ஆகவே விலைமனுக் கோரி, சீவின் கம்பனியிடம் 99,000 மெற்றிக் தொன் வாங்குவதாக ஏற்பாடாயிற்று. "இயற்கை விவசாயம்" என்று தொடங்கின கதை, கடல் கடந்து கப்பலில் பசளை கொண்டுவருகிற கதையாக மாறினதை அப்போது பெரிதாக யாரும் சிரிக்கவில்லை.

முதல் தொகுதி 20,000 தொன். ஹிப்போ ஸ்பிரிட் என்ற கப்பலில் ஏறியது. ஆனால் தேசிய தாவரத் தடுப்புக்காப்பு சேவை மாதிரிகளைச் சோதித்துப் பார்த்தபோது அதில் நுண்ணுயிரிகள் இருப்பதாகச் சொன்னது. எர்வினியா என்ற பெயர் பத்திரிகைகளில் வந்தது. கரட், உருளைக்கிழங்கு போன்றவற்றை அழுகச் செய்கிற வகைகளும் அந்தப் பக்றீரியாக் குடும்பத்தில் உண்டு. 1999ஆம் ஆண்டின் தாவரப் பாதுகாப்புச் சட்டத்தின் கீழ் இப்படியான பொருளை நாட்டுக்குள் விடாமல் தடுப்பது அந்தச் சேவையின் வேலை. அவர்கள் தடுத்தார்கள். கம்பனி ஒத்துக்கொள்ளவில்லை. இவ்வளவு குறுகிய நாட்களில் செய்த சோதனை விஞ்ஞான முறைப்படியானது அல்ல, மூன்றாம் தரப்பு ஆய்வுகூடத்தில் திரும்பப் பாருங்கள் என்றது.

இதற்கிடையில் கடன் கடிதம், வியாபாரிகள் வாயில் எல்.சி., மக்கள் வங்கி ஊடாகத் திறந்தாயிற்று. காசு போய்விடாமல் நிறுத்துவதற்கு அரச பசளைக் கம்பனி கொழும்பு வணிக மேல் நீதிமன்றத்துக்குப் போனது. ஒக்டோபரில் தடையுத்தரவு கிடைத்தது: வங்கி பணம் கொடுக்கக் கூடாது. அந்த மாதக் கடைசியில் சீனத் தூதரகம் மக்கள் வங்கியைக் கறுப்புப் பட்டியலில் போட்டது. நீதிமன்றம் கட்டளையிட்டிருக்கும்போது நாங்கள் எப்படிக் கொடுப்பது என்று வங்கி பதில் சொன்னது. நவம்பரில் இன்னொரு கடிதம் வந்தது. தடுப்புக்காப்பு சேவையின் மேலதிகப் பணிப்பாளரிடம், கம்பனியின் நற்பெயரைக் கெடுத்ததற்கு 80 இலட்சம் டொலர் நட்டஈடு கேட்டு. ஆய்வு அறிக்கையில் கையொப்பமிடுகிற ஒரு அரச உத்தியோகத்தரிடம் 80 இலட்சம் டொலர்! இந்தக் கதை முழுவதிலும் எங்களுக்கு அதிகம் கோபம் வந்த இடம் இதுதான். சோதனை பிழை என்றால் சோதனையை மறுக்கலாம். சோதித்தவரின் கழுத்தைப் பிடிப்பது வேறு வேலை.

டிசம்பரில் கப்பல் இலங்கைக் கடலை விட்டுப் போனது. அரசாங்கம் சரக்கின் பெறுமதியில் ஏறத்தாழ 75 வீதத்தைக் கொடுத்து முடிப்பதற்கு இணங்கியது. அதுதான் அந்த 69 இலட்சம். காசு போன சில நாட்களில் வங்கியின் பெயர் பட்டியலிலிருந்து எடுபட்டது.

இனிப் பழைய கதைக்குப் போவோம்.

1603இல் இங்கிலாந்தில் ஒரு பொற்கொல்லர் 100 பவுணுக்கு ஒரு கல் விற்றார். அது பெசோவர் கல் என்று சொல்லி விற்றார். ஆட்டின் வயிற்றில் உருவாகிற அந்தக் கல் நஞ்சு முறிக்கும் என்று அந்தக் காலத்தில் நம்பினார்கள். வாங்கினவர் அது பெசோவர் இல்லை என்று வழக்குப் போட்டார். தோற்றார். விற்றவர் "இது பெசோவர்" என்று சொன்னாரே தவிர, அதற்கு உத்தரவாதம் தரவில்லையாம். சொல்வது வேறு, உத்தரவாதம் வேறு. வாங்குகிறவன்தான் கண்ணைத் திறந்துகொண்டு வாங்கவேண்டும். சாண்ட்லர் எதிர் லோபஸ் என்று சட்ட மாணவர்கள் இன்றும் படிக்கிற வழக்கு இது.

கண்ணுக்கு முன்னால் பொருள் இருக்கிற சந்தைக்கு இந்த விதி ஓரளவு பொருந்தலாம். சாமான் கப்பலில் வரத் தொடங்கியதும் இது தாங்கவில்லை. 1815இல் கார்டினர் எதிர் கிரே வழக்கில் 12 பை கழிவுப் பட்டு விற்பனையானது. வந்து சேர்ந்த சாமான் கழிவுப் பட்டு என்ற பெயரில்கூட விற்க முடியாத நிலையில் இருந்தது. வாங்கினவர் முன்கூட்டிப் பார்க்க வாய்ப்பில்லாத இடத்தில், அந்தப் பெயரில் சந்தையில் விலைபோகக்கூடிய பொருளைக் கொடுக்கவேண்டியது விற்றவரின் கடமை என்று எலன்பரோ பிரபு தீர்ப்புச் சொன்னார். குப்பைமேட்டில் கொட்டுவதற்கென்று யாரும் காசு கொடுத்துச் சாமான் வாங்கமாட்டார்கள் என்பது அவர் சொன்ன நியாயம். பசளை வழக்கைப் படித்துவிட்டு இதற்கு வந்தால் சிரிப்பு வரும். குப்பைபோல மண்ணில் கொட்டுவதற்கென்றே நாங்கள் 99,000 தொன் வாங்கப் புறப்பட்டோமே!

எலன்பரோ சொன்னது போன்ற தீர்ப்புகள் ஒன்றன்மேல் ஒன்றாகச் சேர்ந்து 1893இல் இங்கிலாந்தில் பொருள் விற்பனைச் சட்டமாயின. மூன்று வருடத்தில் அதே சாயலில் இலங்கைக்கும் வந்தது: 1896ஆம் ஆண்டின் 11ஆம் இலக்கப் பொருள் விற்பனைக் கட்டளைச் சட்டம். இன்றைக்கும் எங்கள் நாட்டில் நடைமுறையில் இருப்பது அதுதான். அதன்படி வியாபாரி விற்கிற பொருள் விற்கக்கூடிய தரத்தில் இருக்கவேண்டும், வாங்குகிறவர் என்ன தேவைக்கென்று சொல்லி வாங்கினாரோ அதற்குப் பொருந்தவேண்டும், பிரித்துப் பார்க்க நியாயமான வாய்ப்புக் கிடைக்கும்வரை வாங்கினவர் ஏற்றுக்கொண்டதாகக் கருதப்படமாட்டார். தக்காளி நியாயம் சட்டப் புத்தகத்தில் ஏறிவிட்டது. அப்படியென்றால் பசளைக் கப்பலைத் திருப்பி அனுப்பிவிட்டுக் காசு தரமாட்டோம் என்று நிற்க ஏலாதா?

நிற்க ஏலாது. காரணம் எல்.சி.

கொழும்பில் வாங்குகிறவருக்கும் சிங்டாவோவில் விற்கிறவருக்கும் ஒருவரையொருவர் தெரியாது. சாமானை ஏற்றிவிட்டால் காசு வருமோ என்று அவருக்குப் பயம். காசை அனுப்பிவிட்டால் சாமான் வருமோ என்று இவருக்குப் பயம். நடுவில் வங்கி வந்து விற்கிறவருக்கு ஒரு வாக்குக் கொடுக்கிறது: இந்த இந்தக் கடதாசிகளைக் கொண்டுவந்து காட்டு, நான் காசு தருகிறேன். விலைப்பட்டியல், சரக்கு ஏற்றியதற்குக் கப்பல்காரர் கொடுக்கிற பில் ஒஃப் லேடிங், காப்புறுதி, கேட்டிருந்தால் தரச் சான்றிதழ். வங்கி பார்ப்பது கடதாசியை மட்டும். மூட்டையை அவிழ்த்துப் பார்ப்பது அதன் வேலை இல்லை. சர்வதேச வர்த்தக சம்மேளனம் 1933இலிருந்து இதற்கு விதிகள் வெளியிட்டு வருகிறது. 2007 ஜூலையிலிருந்து நடப்பில் இருக்கிற யூ.சி.பி. 600 இதை நேரடியாகவே சொல்கிறது: வங்கிகள் ஆவணங்களோடுதான் கொடுக்கல் வாங்கல் செய்கின்றன, பொருட்களோடு அல்ல. விற்பனை ஒப்பந்தம் ஒன்று, கடன் கடிதம் இன்னொன்று. முதலாவதில் வருகிற சண்டை இரண்டாவதைத் தொடாது.

இது எவ்வளவு இறுக்கமான விதி என்பதற்கு 1925இல் நியூயோர்க்கில் முடிந்த ஒமேரா வழக்கைப் பாருங்கள். பத்திரிகை அச்சடிக்கிற தாள் வாங்குவதற்காக நஷனல் பார்க் வங்கி கடன் கடிதம் கொடுத்திருந்தது. கடதாசிகள் எல்லாம் வந்துவிட்டன. ஆனால் தாள் ஒப்பந்தத்தில் சொன்ன அளவு உறுதியானதா என்று சோதிக்க எங்களுக்கு வாய்ப்புத் தரவில்லை என்று சொல்லி வங்கி காசு கொடுக்க மறுத்தது. நடுவில் இன்னொன்றும் நடந்திருந்தது: தாளின் சந்தை விலை விழுந்துவிட்டது. விலை விழுந்தால் தரத்தில் சந்தேகம் வருவது வியாபாரத்தில் புதினமில்லை. ஆவணங்கள் சரியென்றால் வங்கி கொடுக்கத்தான் வேண்டும், தாளைச் சோதிக்கும் கடமை அதற்கு இல்லை என்று நீதிமன்றம் தீர்த்தது. கார்டோசோ என்ற புகழ்பெற்ற நீதிபதி உடன்படவில்லை. பொருள் ஒப்பந்தப்படி இல்லை என்று வங்கிக்கே தெரியவந்த பிறகும் கண்ணை மூடிக்கொண்டு கொடுக்கவேண்டுமா என்பது அவருடைய கேள்வி. அது சிறுபான்மைக் கருத்தாகவே நின்றது. எங்களுக்கும் அவர் பக்கம்தான் மனம் சாய்கிறது. ஆனால் பெரும்பான்மை சொன்னது விளங்காமல் இல்லை: ஒவ்வொரு வங்கியும் தாளைக் கிழித்துப் பார்த்துவிட்டுத்தான் காசு கொடுப்பேன் என்றால் எல்.சி. என்ற ஒன்றே இருக்காது.

இந்த இறுக்கத்தில் ஒரு கதவு மட்டும் திறந்தது. அந்தக் கதவுக்குப் பின்னால் நிற்பது எங்கள் பக்கத்து நாட்டிலிருந்து ஏறின சரக்கு. சார்ள்ஸ் ஸ்டெயின் என்ற நியூயோர்க் வியாபாரி, தூரிகை செய்கிற பன்றி மயிர் வாங்குவதற்கு லக்னோவிலிருந்த ட்ரான்சி ட்ரேடர்ஸ் என்ற கம்பனியோடு ஒப்பந்தம் செய்தார். அந்தக் கம்பனி 50 பெட்டிகளில் மாட்டு மயிரையும் குப்பையையும் நிரப்பி, பன்றி மயிர் என்று கடதாசி எடுத்து அனுப்பிவிட்டதாக அவர் வழக்குப் போட்டார். 1941 ஜூலையில் நீதிபதி ஷீன்டாக் ஒரு கோடு போட்டார். தரம் குறைவு என்ற சண்டை வங்கியைத் தடுக்காது. ஆனால் விற்றவர் வேண்டுமென்றே சாமானே அனுப்பாமல் குப்பையை அனுப்பியிருக்கிறார் என்றால் அது தரச் சண்டை இல்லை, மோசடி. அது வங்கிக்குத் தெரியவந்தால், கொடுக்காமல் தடுக்கலாம். ஒரு சுவாரசியம்: அந்தப் பெட்டிகளில் உண்மையில் என்ன இருந்தது என்பதை அந்தத் தீர்ப்பு முடிவு செய்யவேயில்லை. வழக்கைத் தள்ளுபடி செய்யவேண்டும் என்ற ஆரம்ப வாதத்துக்குப் பதிலாக, வழக்காளி சொல்வது உண்மையென்று வைத்துக்கொண்டு எழுதின தீர்ப்பு அது. எண்பது வருடமாக உலகம் முழுக்க மேற்கோள் காட்டுகிற மாட்டு மயிர், நீதிமன்றத்தில் நிரூபிக்கப்பட்ட மாட்டு மயிர் இல்லை.

நியூயோர்க் தீர்ப்புக்கும் கொழும்புக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்பீர்கள். சம்பந்தம் லண்டன் வழியாக வருகிறது. எங்கள் பொதுச் சட்டம் ஒல்லாந்தர் விட்டுப்போன உரோமன்-டச்சுச் சட்டம் என்று பள்ளிக்கூடத்தில் படித்திருப்போம். ஆனால் 1852ஆம் ஆண்டின் 5ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம் கப்பல், வங்கி போன்ற விடயங்களில் இங்கிலாந்துச் சட்டத்தையே இலங்கைக்குள் கொண்டுவந்துவிட்டது. கோப்பித் தோட்டக்காரரும் அவர்களுக்குக் கடன் கொடுத்தவர்களும் லண்டனோடு கணக்கு வழக்குப் பார்த்த காலம் அது. ஆகவே கடன் கடிதம் பற்றிய கேள்வி இங்கே வந்தால் வழக்கறிஞர்கள் திறப்பது ஆங்கிலத் தீர்ப்புகளைத்தான். ஆங்கில நீதிமன்றங்கள் ஸ்டெயின் போட்ட மோசடிக் கோட்டை ஏற்றுக்கொண்டன, 1982இல் பிரபுக்கள் சபையும் உறுதிப்படுத்தியது. ஆனால் அந்தக் கதவை மிகவும் ஒடுக்கமாகவே வைத்திருக்கின்றன. விற்றவரின் மோசடி தெட்டத்தெளிவாகத் தெரியவேண்டும். சந்தேகம் போதாது.

இப்போது ஹிப்போ ஸ்பிரிட்டைத் திரும்பப் பாருங்கள். அது மாட்டு மயிரா, உறுதி குறைந்த தாளா? கம்பனி மண்ணை அள்ளி அனுப்பிவிட்டது என்று யாரும் சொல்லவில்லை. பசளைதான் அனுப்பினார்கள். அதில் இருக்கக்கூடாத உயிரி இருந்தது என்று எங்கள் ஆய்வுகூடம் சொன்னது, இல்லை என்று அவர்கள் சொன்னார்கள். எங்கள் கணிப்பில் இது தாள் வழக்குக்குக் கிட்ட நிற்கிறது. தடையுத்தரவு ஒரு தற்காலிகத் தாழ்ப்பாள்தான். நீண்ட நாள் அதைப் பிடித்துக்கொண்டு நிற்பது கடினம் என்பது சட்டத்தரணிகளுக்குத் தெரியாமல் இருந்திருக்காது. அதோடு எல்.சி.க்குக் காசு கொடுக்காத வங்கி என்ற பெயர் சாதாரணப் பெயர் இல்லை. 2021 நவம்பர் முடிவில் நாட்டின் வெளிநாட்டு நாணயக் கையிருப்பு ஏறத்தாழ 160 கோடி டொலருக்கு இறங்கியிருந்தது. பருப்பு, மருந்து, எரிபொருள் எல்லாம் எல்.சி.யில்தான் வரவேண்டும். பயம் சீனாவுக்கு மட்டும் இல்லை. அடுத்த எரிபொருள் கப்பல்காரன் எங்கள் வங்கிக் கடதாசியை நம்புவானா என்பதற்கும்தான்.

அப்போ வாங்குகிறவருக்குப் பாதுகாப்பே இல்லையா? இருக்கிறது. அது வழக்கில் இல்லை, எல்.சி. எழுதுகிற மேசையில் இருக்கிறது. எந்தக் கடதாசிகளைக் காட்டினால் காசு என்று தீர்மானிப்பது வாங்குகிறவர். கப்பலில் ஏற்றுவதற்கு முன் எங்கள் தடுப்புக்காப்பு சேவை, அல்லது இரு பக்கமும் ஒத்துக்கொண்ட ஆய்வுகூடம், இன்ன முறையில் சோதித்து இன்ன கிருமி இல்லை என்று தந்த சான்றிதழ் வேண்டும் என்று அதில் எழுதினால், அந்தக் கடதாசி இல்லாமல் வங்கி ஒரு சதமும் கொடுக்காது. ஒமேரா வழக்கிலும் பெரும்பான்மை நீதிபதிகள் இதைத்தான் சுட்டினார்கள்: வங்கிக்குத் தாளின் உறுதி முக்கியமென்றால் அதற்கொரு சான்றிதழைக் கடன் கடிதத்தில் கேட்டிருக்கலாமே.

அப்படி எழுதுவதற்கு, என்ன வாங்குகிறோம் என்று முதலில் தெரிந்திருக்கவேண்டும். சேதனப் பசளை என்பதே நுண்ணுயிர்கள் வாழ்கிற பொருள். வீட்டுக்குப் பின்னால் கூட்டெரு போடுகிற எந்த அம்மாவுக்கும் இது தெரியும். கிருமியே இல்லாத கூட்டெருவை ஆயிரக்கணக்கான தொன் கணக்கில் வேறு நாட்டிலிருந்து கேட்கிறோம் என்றால், வயலுக்கு எது நல்லது என்ற கேள்வியும் நாட்டின் எல்லைக்குள் எதை விடலாம் என்ற கேள்வியும் ஒன்றோடொன்று மோதும். அந்த மோதலை விஞ்ஞானிகள் உட்கார்ந்து தீர்க்கிறதற்கு ஒரு போகமாவது எடுத்திருக்கும். இங்கே வர்த்தமானிக்கும் கப்பலுக்கும் இடையில் ஐந்து மாதம். தடுப்புக்காப்பு சேவை தன் வேலையைச் சரியாகச் செய்தது. அந்த வேலை எல்.சி.க்கு முன் நடந்திருந்தால் அது கொள்வனவு நிபந்தனை. பின் நடந்ததால் வழக்காகிவிட்டது.

இரசாயனப் பசளைத் தடையை அரசாங்கம் 2021 நவம்பர் கடைசியில், கப்பல் இன்னும் கடலில் நிற்கும்போதே, விலக்கிக்கொண்டது. ஆனால் தடை நீங்கினவுடன் கடையில் யூரியா வந்து நிற்கவில்லை. வந்த இடங்களிலும் விலை பல மடங்கு. அந்தப் பெரும்போகத்தில் நாட்டின் நெல் விளைச்சல் முந்தின பெரும்போகத்தைவிட மூன்றில் ஒரு பங்குக்கும் மேல் குறைந்தது. சிங்டாவோவுக்கு 69 இலட்சம் டொலர் போன அந்த ஜனவரியில், வன்னியில் மானாவாரியாக விதைத்த நெல் குடலை தள்ளி நின்றது. யூரியா எறிகிற காலம் அதற்குள் முடிந்துபோயிருந்தது.